ஜாங் யீமோ: சியூ ஜூவைப் படைத்தவர் 'ஹீரோ'வை ஏன் எடுத்தார்?

நடுவரிசை எழுதியது:

சீன இயக்குநர் ஜாங் யீமோவின் பெயரை எடுத்தாலே இரண்டு குரல்கள்தான் கேட்கின்றன. 1994 வரை மாபெரும் கலைஞர், பிறகு அரசாங்கத்துக்கு விலைபோய்விட்டார் என்பது ஒன்று. அரசியலை எதற்கு இழுக்கிறீர்கள், அந்த வண்ணங்களைப் பாருங்கள் என்பது மற்றொன்று. இரண்டும் எனக்குப் போதவில்லை. அதனால்தான் இந்த இழை.

என் தரப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவருடைய சிறந்த படங்களின் நடுவில், பதில் வாங்காமல் நகரமாட்டேன் என்று நிற்கும் ஓர் ஆள் இருப்பார். 'சியூ ஜூவின் கதை' (1992) படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஊர்த்தலைவர் கணவனின் அடிவயிற்றில் உதைத்துவிடுகிறார். நிறைமாதத்தை நெருங்கும் மனைவி சியூ ஜூ வைத்தியச் செலவுக்குப் பணம் கேட்கவில்லை. ஏன் உதைத்தாய், அதற்கு ஒரு நியாயம் சொல் என்கிறாள். பணத்தைத் தரையில் வீசி எடுத்துக்கொள் என்கிறார் தலைவர். அவள் குனியவில்லை. காய்ந்த மிளகாயை வண்டியில் ஏற்றிக்கொண்டு போய் விற்று, அந்தக் காசில் வட்டாரம், மாவட்டம், நகரம் என்று ஒவ்வொரு அலுவலகமாக ஏறி இறங்குகிறாள்.

'ஒருவர்கூடக் குறையக்கூடாது' (1999) படத்தில் 13 வயதுச் சிறுமி ஒருத்தி கிராமப் பள்ளிக்குத் தற்காலிக ஆசிரியையாக வருகிறாள். நகரத்துக்கு வேலை தேடிப் போய்த் தொலைந்துவிட்ட மாணவனைத் தேடி அவள் தொலைக்காட்சி நிலையத்துக்கு வருகிறாள். உள்ளே விடமாட்டேன் என்கிறார்கள். நிலைய மேலாளர் கண்ணாடி போட்டிருப்பார் என்ற ஒரு தகவலை மட்டும் வைத்துக்கொண்டு, வாசலில் நின்று கண்ணாடி போட்ட ஒவ்வொருவரிடமும் நீங்கள்தான் மேலாளரா என்று கேட்கிறாள். இருட்டுகிறது, மறுநாளும் விடிகிறது, அவள் அங்கேயே இருக்கிறாள்.

மூன்று ஆண்டுகள் கழித்து 'ஹீரோ' (2002) வருகிறது. மன்னனைக் கொல்ல வந்த பெயரில்லாத வீரன் அவனிடமிருந்து பத்துக் காலடி தூரம்வரை வந்துவிடுகிறான். கையெட்டும் இடத்தில் பழி இருக்கிறது. நாடு ஒன்றாக வேண்டும் என்ற காரணத்துக்காகக் கொல்லாமல் திரும்புகிறான். வாசலில் அம்புமழையில் நின்று சாகிறான். பதில் கேட்டு வந்தவனே, எனக்குப் பதில் வேண்டாம் என்று முடிவெடுத்துவிடுகிறான். எனக்கு அந்தப் படத்தில் உறுத்துவது இதுதான். இதை எடுத்தவரும் சியூ ஜூவை எடுத்தவரும் ஒருவரே என்பதை எப்படிப் புரிந்துகொள்வது? நண்பர்கள் சொல்லுங்கள்.

---

பழைய ரீல் எழுதியது:

நல்ல தொடக்கம், நடுவரிசை. ஆனால் அவர் எங்கிருந்து வந்தார் என்பதைச் சொல்லாமல் இந்தக் கேள்விக்குள் போக முடியாது.

ஷான்சி மாகாணத்தின் சியான் நகரத்துக்காரர். தந்தை கம்யூனிஸ்டுகளிடம் தோற்ற கோமின்டாங் கட்சியின் படையில் அதிகாரியாக இருந்தவர். கம்யூனிஸ்டுகள் ஆட்சிக்கு வந்த 1949க்குப் பிறகு அந்தப் பின்னணி ஒரு குடும்பத்துக்கு எத்தனை பாரமாக இருந்திருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். மாவோ தொடங்கிய கலாச்சாரப் புரட்சியில் (1966–76) படிப்பு நின்றது. முதலில் கிராமத்தில் விவசாய வேலை, பிறகு சியான்யாங் நகரத்துப் பருத்தி ஆலையில் ஏழு ஆண்டுகள் தொழிலாளி. புகைப்படக் கலையைத் தானாகக் கற்றுக்கொண்டது அந்தக் காலத்தில்தான். 1978இல் பெய்ஜிங் திரைப்படக் கல்லூரி மீண்டும் மாணவர்களைச் சேர்த்தபோது வயது வரம்பு 22. இவருக்கோ 27 கடந்துவிட்டது. எடுத்த படங்களை இணைத்துக் கலாச்சார அமைச்சர் ஹுவாங் ஜென்னுக்கு மனு எழுதினார். அமைச்சர் தலையிட்டுத்தான் ஒளிப்பதிவுத் துறையில் இடம் கிடைத்தது.

கதவை மூடியதும் அரசாங்கம், திறந்ததும் அரசாங்கம். இந்த அனுபவம் ஒரு மனிதனுக்குள் என்ன செய்யும்? அதிகாரத்துக்கு அஞ்சவும் அதனிடம் மனுப்போடவும் ஒரே நேரத்தில் கற்றுக்கொடுக்கும். சியூ ஜூ செய்வதும் அதுதானே? அவள் புரட்சி செய்யவில்லை. ஒவ்வொரு படியாக மனுக் கொடுக்கிறாள்.

படிப்பு முடிந்து 1982இல் தெற்கே குவாங்சி ஸ்டுடியோவுக்கு அனுப்பப்பட்டார். அங்கிருந்துதான் சென் கைகே இயக்கிய 'மஞ்சள் நிலம்' (1984) வந்தது. ஒளிப்பதிவு ஜாங் யீமோ. தொடுவானத்தைச் சட்டகத்தின் உச்சிக்குத் தள்ளிவிட்டு மீதி முழுவதையும் மண்ணால் நிரப்பினார். மேலே ஒரு கீற்று வானம், அதன் கீழே மலைமலையாய் மஞ்சள் மண், அதில் எறும்பளவில் மனிதன். கலாச்சாரப் புரட்சிக்குப் பிறகு படித்து வந்த இயக்குநர்களை, சீன சினிமாவின் ஐந்தாம் தலைமுறை என்று உலகம் பேசத் தொடங்கியது இந்தப் படத்திலிருந்துதான்.

இன்னொரு பெயரையும் சொல்லியாக வேண்டும்: சியான் ஸ்டுடியோவின் தலைவராக இருந்த வூ தியன்மிங். தன்னுடைய 'பழைய கிணறு' (1987) படத்துக்கு ஒளிப்பதிவு செய்ய ஜாங்கை அழைத்தார், பிறகு அவரையே கதாநாயகனாகவும் ஆக்கினார். டோக்கியோ விழாவில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. அடுத்து மோ யானின் கதையை 'செஞ்சோளம்' என்று படமாக்க ஜாங் கேட்டபோது ஸ்டுடியோவின் அனுமதி நடைமுறைகள் முடியவில்லை. சோளம் அதற்காகக் காத்திருக்குமா? பருவம் தவறினால் ஓராண்டு போய்விடும். வூ முன்பணம் கொடுத்து ஷாண்டோங்கில் சோளத்தை விதைக்கச் சொன்னார். அந்தப் படம் 1988இல் பெர்லினில் தங்கக் கரடி வாங்கியது. ஜாங்கின் வாழ்க்கையைப் பேசுகிறவர்கள் வூ தியன்மிங்கை ஒரு வரியில் கடந்துவிடுவது எனக்கு எப்போதும் வருத்தம் தரும்.

---

செங்கழுநீர் எழுதியது:

நடுவரிசை அவர்கள் சொல்லும் 'பதில் கேட்கும் ஆள்' அழகான பார்வை. ஆனால் இடையில் இரண்டு படங்களைத் தாண்டிப் போய்விட்டீர்கள். 'ஜூ டோ' (1990), 'சிவப்பு விளக்கை உயர்த்து' (1991) இரண்டிலும் பெண் பதில் கேட்பதில்லை. அடைபடுகிறாள்.

இரண்டாவது படம் எனக்கு மிகவும் நெருக்கமானது, அதனாலேயே அதோடு சண்டையும் உண்டு. நான்காவது மனைவியாகப் பெரிய வீட்டுக்குள் வருகிறாள் படித்த பெண். இரவு யார் முற்றத்தில் விளக்கேற்றப்படுகிறதோ அவளுக்கே அன்று மரியாதை, பாத மசாஜ், மறுநாள் சாப்பாட்டில் என்ன சமைப்பது என்று சொல்லும் உரிமை. நால்வரும் தத்தம் வாசலில் வந்து நிற்க வேண்டும். வீட்டின் எஜமானர் முகத்தை ஒருமுறைகூட நமக்குத் தெளிவாகக் காட்டமாட்டார். முதுகு, திரைக்குப் பின்னாலிருந்து ஒரு குரல், தூரத்தில் ஓர் உருவம், அவ்வளவுதான். ஒடுக்குபவனுக்கு முகம் தேவையில்லை, ஏற்பாடே போதும் என்று சொல்லும் அந்த முடிவு பெரும் துணிச்சல்.

ஆனால் சீனப் பத்திரிகையாளர் தாய் சிங் அப்போதே கடுமையாக எழுதினார். இப்படி ஒரு விளக்குச் சடங்கு சீன வீடுகளில் இருந்ததே இல்லை, இது வெளிநாட்டவரின் கண்ணுக்குச் சமைத்தது என்பது அவர் வாதம். நாவலாசிரியர் சூ தோங்கின் கதையிலும் இந்த விளக்குகள் கிடையாது. வெனிஸில் வெள்ளிச் சிங்கம் கிடைத்த படம், சொந்த நாட்டில் 1992 வரை திரையிடப்படவில்லை. யாருக்காக எடுக்கப்பட்டது என்ற கேள்வி நியாயமானது என்றே நினைக்கிறேன்.

---

தறிக்கூடம் எழுதியது:

நான் சாயத் தொழிலில் இருப்பவன். சினிமா வரலாறு அதிகம் தெரியாது, ஆனால் செங்கழுநீர் சொன்னதற்கு ஒரு பதில் என்னிடம் உண்டு.

'ஜூ டோ' படத்துக்கு மூலமான லியூ ஹெங்கின் குறுநாவலில் சாயப்பட்டறையே இல்லையாம். அதை ஜாங் கொண்டுவந்து வைத்தார். அதேபோல விளக்குகள். யூ ஹுவாவின் 'வாழ்தல்' நாவலில் நிழல்பொம்மலாட்டம் கிடையாது, படத்தில் கதாநாயகனின் பிழைப்பே அதுதான். ஒவ்வொரு நாவலுக்குள்ளும் போய் ஒரு தொழிலையோ ஒரு பொருளையோ நட்டுவிட்டு வருகிறார். வெளிநாட்டுக்காரனை மயக்க என்று சொல்லிவிடலாம். ஏழு ஆண்டுகள் ஆலையில் நின்றவருக்கு மனிதர்களை அவர்கள் கைவேலையோடு சேர்த்துத்தான் பார்க்கத் தெரியும் என்று நான் சொல்வேன்.

'ஜூ டோ'வில் உத்தரங்களிலிருந்து நீள நீளமாகத் தொங்கும் துணிகளைக் கவனியுங்கள். கிழட்டு முதலாளியின் இளம் மனைவியும் அவனுடைய உறவுக்காரத் தொழிலாளியும் முதன்முறை சேரும்போது, சிவப்புத் துணியின் சுருள் விடுபட்டுத் தடதடவென்று சாயத்தொட்டிக்குள் சரிந்துகொண்டே இருக்கிறது. ஈரத்துணியின் எடை, அது வழுக்கி ஓடும் வேகம், பிடித்தால் கையையும் இழுத்துக்கொண்டு போகும் முரட்டுத்தனம் எல்லாம் பட்டறையில் நின்றவனுக்குத் தெரியும். ஆசையை வேறெப்படிக் காட்டினாலும் இத்தனை சரியாக இருக்காது. அதே தொட்டியில்தான் கிழக்கணவன் விழுந்து சாகிறான், அவனை அப்பா என்று அழைத்த குழந்தை பக்கத்தில் நின்று சிரிக்கிறது. கடைசியில் இன்னொரு சாவும் அந்தத் தொட்டியிலேயே. ஒரே தொட்டி பிழைப்பு, காமம், கொலை மூன்றுக்கும் பயன்படுகிறது. இதை அலங்காரம் என்று என்னால் ஏற்க முடியாது.

---

நடுவரிசை எழுதியது:

தறிக்கூடம், இந்தப் பதிலுக்காகவே இழையைத் தொடங்கியது பயனுள்ளதாகிவிட்டது. நாவலில் இல்லாத பொருளை நடுவது என்ற பார்வையை வைத்தே 'ஹீரோ'வையும் பார்க்கலாம். அங்கே நடுவதற்குக் கைத்தொழில் இல்லை. வண்ணம் மட்டும் தனியே பிரிந்துவிட்டது. சிவப்புப் பகுதி, நீலப் பகுதி, வெள்ளைப் பகுதி என்று கதைக்கு ஒரு நிறம். துணியிலிருந்து சாயத்தைப் பிழிந்தெடுத்துச் சாயத்தை மட்டும் காட்டியதுபோல.

---

வடக்குவாசல் எழுதியது:

எல்லோரும் கலையைப் பேசுகிறீர்கள். கொஞ்சம் நிலவரத்தையும் பேசுவோம்.

'வாழ்தல்' 1994இல் கான் விழாவில் பெரும்பரிசு வாங்கியது, அதன் கதாநாயகன் கே யோ சிறந்த நடிகர். ஜாங் விழாவுக்கே போகவில்லை. படம் சீனத் திரையரங்குகளுக்கு வரவேயில்லை. அதற்கு முந்தைய ஆண்டு இவருடைய வகுப்புத் தோழர் தியன் ஜுவாங்ஜுவாங் 'நீலப் பட்டம்' எடுத்தார். 1950கள், 60களின் அரசியல் இயக்கங்கள் ஒரு குடும்பத்தை எப்படித் தின்றன என்பதை ஒரு சிறுவனின் பார்வையில் சொல்லும் படம். டோக்கியோவில் முதல் பரிசு. விளைவு? படத்துக்குத் தடை, இயக்குநருக்கும் தடை. அடுத்த கதைப்படம் 2002இல்தான் வந்தது. சீன சினிமாவின் மிகக் கூர்மையான ஒரு கண், நாற்பதுகளின் தொடக்கத்திலிருந்து ஐம்பதை எட்டும்வரை தன் படம் எதையும் இயக்க முடியாமல் போனது.

ஜாங்குக்கு முன்னால் இருந்த மாற்று வழி அதுதான். தியனின் பாதை உயர்ந்தது என்று நாம் கணினி முன்னால் உட்கார்ந்து சொல்லிவிடலாம். பத்தாண்டுகளை அவர்தான் கொடுத்தார்.

அடுத்து சந்தை. 2001 டிசம்பரில் சீனா உலக வர்த்தக அமைப்பில் சேர்ந்தது. வருமானத்தில் பங்கு கொடுத்து இறக்குமதி செய்யும் வெளிநாட்டுப் படங்களின் எண்ணிக்கை ஆண்டுக்கு 10லிருந்து 20 ஆனது. உள்நாட்டுத் திரையரங்குகள் ஏற்கெனவே காலியாகிக் கிடந்தன. ஹாலிவுட் முழுவதையும் விழுங்கிவிடும் என்று எல்லோரும் நடுங்கிய நேரத்தில் 'ஹீரோ' வந்து உள்நாட்டில் சுமார் 25 கோடி யுவான் வசூலித்தது. 2004இல் அமெரிக்காவில் வெளியானபோது அங்கேயும் முதல் வாரம் முதலிடம். சீனாவில் பெரும்படம் எடுக்கலாம், மக்கள் டிக்கெட் வாங்குவார்கள் என்று நிரூபித்தவர் அவர். அந்தக் கடனை அவருடைய எதிரிகளும் மறுக்கமாட்டார்கள்.

---

பழைய ரீல் எழுதியது:

வடக்குவாசல் சொன்னதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். இருந்தாலும் 'ஹீரோ'வின் முதல் காட்சி மக்கள் மாமண்டபத்தில், அதாவது நாடாளுமன்றம் கூடும் கட்டடத்தில் நடந்தது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். வெறும் சந்தையின் வெற்றி என்றால் அந்த மண்டபம் கிடைத்திருக்காது.

மஞ்சள் இலைகளுக்கு நடுவே இரண்டு பெண்கள் வாள் வீசும் காட்சிக்கு உள் மங்கோலியாவின் பாப்ளர் காட்டில் இலை பழுப்பதற்குக் காத்திருந்தார்கள். இலை எந்த நிலையில் இருக்கிறது என்று பார்த்துச் சொல்லவே ஓர் ஆளை அங்கே வைத்திருந்தார்கள். உதிர்ந்ததைச் சேகரித்துத் தரம் பிரித்தார்கள் என்று ஜாங்கே பேட்டியில் சொல்லியிருக்கிறார். சிறந்த இலை நடிகைகளின் முகத்தருகே பறக்க, அடுத்த தரம் அவர்களுக்கு முன்னால், அதற்கடுத்தது பின்னால், கடைசித் தரம் தரையில். இந்த அக்கறையை நான் மதிக்கிறேன். ஆனால் இலையைத் தரம் பிரித்த அதே மனம் 2008 ஆகஸ்ட் 8 அன்று மனிதர்களை வரிசைப்படுத்தியது.

ஒலிம்பிக் தொடக்க விழாவை மறுபடி பாருங்கள். 2008 பேர் ஒரே அசைவில் ஒளிரும் தாளக்கருவியை அறைகிறார்கள். 897 அச்சுக்கட்டைகள் அலையலையாக ஏறி இறங்குகின்றன. இயந்திரம் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறோம். முடிவில் மூடி திறந்து ஒவ்வொரு கட்டைக்குள்ளிருந்தும் ஓர் ஆள் தலையை நீட்டிக் கையசைக்கிறான். உலகமே கைதட்டியது, நானும் தட்டினேன். அவருடைய வாழ்க்கை முழுவதையும் விளக்கும் காட்சி அதுவே என்று எனக்குப் படுகிறது. மனிதன் உள்ளே இருக்கிறான் என்பதை ஜாங் மறக்கவில்லை. கடைசி நிமிடத்தில் காட்டவும் செய்கிறார். அதுவரை அவன் கட்டையாக இருந்தாக வேண்டும்.

---

செங்கழுநீர் எழுதியது:

பழைய ரீல் ஐயா, நீங்கள் சொன்னதைப் படித்ததும் 'வாழ்தல்' படத்தின் மருத்துவமனைக் காட்சி வந்து நின்றது. அதையும் பதிவு செய்துவிடுகிறேன்.

வாய் பேசாத மகளுக்குப் பிரசவம். அனுபவமுள்ள மருத்துவர்களையெல்லாம் பிற்போக்காளர்கள் என்று கலாச்சாரப் புரட்சியின் இளைஞர் படையான செங்காவலர்கள் அடைத்துவிட்டார்கள். பிரசவ அறையில் இருப்பவர்கள் மாணவிகள். மருமகன் சாமர்த்தியமாக ஒரு பேராசிரியரைக் கழுத்தில் பலகையோடு இழுத்து வருகிறான். அவர் பட்டினியில் இருக்கிறார். பரிதாபப்பட்டுப் பெண்ணின் அப்பா ஆவியில் வேகவைத்த ரொட்டி வாங்கிக் கொடுக்கிறார். ஏழு ரொட்டிகளையும் தின்றுவிட்டு மருத்துவர் விக்குகிறார், தண்ணீர் கொடுக்கிறார்கள், வயிற்றுக்குள் ரொட்டி ஊதிப்போய் அவரால் எழுந்து நிற்க முடியவில்லை. உள்ளே உதிரப்போக்கு நிற்கவில்லை. மகள் போய்விடுகிறாள்.

இங்கே யாரையும் வில்லன் என்று சுட்ட முடியாது. ரொட்டி வாங்கிக் கொடுத்தது இரக்கம். அந்த இரக்கமே கொன்றுவிட்டது என்று அந்த அப்பா ஆயுள் முழுவதும் நினைத்துக்கொண்டிருப்பார். படித்தவர்களை அடைத்து வைத்த ஏற்பாட்டைப் பற்றி யாரும் ஒரு வசனம்கூடப் பேசுவதில்லை. தணிக்கைக்காரர்களுக்கு இந்தப் படம் ஏன் பொறுக்கவில்லை என்பது எனக்கு இந்த ஏழு ரொட்டிகளில் விளங்கியது. வசனத்தை வெட்டலாம், இதை எப்படி வெட்டுவது?

நாவலில் கடைசியில் கிழவரும் ஒரு மாடும்தான் மிஞ்சுகிறார்கள். படத்தில் மனைவி, மருமகன், பேரன் எல்லோரும் இருக்கிறார்கள். மென்மையாக்கிவிட்டார் என்று சிலர் குறை சொல்வார்கள். எனக்கு அந்தக் குறை இல்லை. பிழைத்தவர்கள் சேர்ந்து சாப்பிட உட்கார்வதைக் காட்டுவது இழப்பைக் குறைத்துவிடாது.

---

வடக்குவாசல் எழுதியது:

அருமை, செங்கழுநீர். ஆனால் இப்படி ஒரு படத்தை எடுத்து அது தன் மக்களுக்குக் காட்டப்படாமல் போனபிறகு ஓர் இயக்குநர் என்ன செய்ய வேண்டும் என்று எதிர்பார்க்கிறோம்? 1999இல் கான் விழாவிலிருந்து தன் இரண்டு படங்களையும் அவரே திரும்பப் பெற்றார். சீனப் படம் என்றாலே அரசுக்கு எதிர்ப்பா, அரசுப் பிரசாரமா என்ற இரண்டே தட்டுகளில் போடுகிறீர்கள் என்று விழாத் தலைவருக்குப் பகிரங்கக் கடிதம் எழுதினார். பிறகு வெனிஸில் 'ஒருவர்கூடக் குறையக்கூடாது' தங்கச் சிங்கம் பெற்றது. அந்தக் கடிதத்தை நாமும் ஒருமுறை நமக்கு எழுதப்பட்டதாகப் படிக்கலாம்.

---

நடுவரிசை எழுதியது:

வடக்குவாசல், அந்தக் கடிதத்தை மதிக்கிறேன். ஆனால் 'ஹீரோ'வில் என் குறை அவர் அரசை எதிர்க்கவில்லை என்பதல்லவே. கதைக்குள் ஒரு மனிதன் தன் கேள்வியைக் கைவிடுகிறான், அந்தக் கைவிடலைப் படம் அழகு என்கிறது. அதை மறுக்க எனக்கு எந்த அரசியலும் வேண்டாம், சியூ ஜூவே போதும். நியாயம் கேட்டு நடந்த அவளுக்குக் கடைசியில் என்ன கிடைத்தது? பிரசவம் சிக்கலாகி உயிருக்குப் போராடிய இரவில் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போக ஆள் திரட்டியவர் அதே ஊர்த்தலைவர். குழந்தையின் ஒரு மாத விருந்துக்கு அவரை எதிர்பார்த்துக் காத்திருக்கும் வேளையில், அவரைப் பதினைந்து நாள் காவலுக்குப் போலீஸ் கொண்டுபோய்விட்டது என்று செய்தி வருகிறது. சைரன் சத்தத்தைத் துரத்திக்கொண்டு சாலைவரை ஓடி நிற்கிறாள். அவள் முகத்தில் படம் உறைகிறது. அவள் கேட்டது தண்டனையை அல்ல. சட்டம் தன்னிடம் இருந்ததைக் கொடுத்துவிட்டுப் போய்விட்டது. அந்தக் காலத்தில்தான் குடிமக்கள் அரசு அலுவலகத்தின்மீது வழக்குத் தொடர வழி செய்யும் சட்டம் 1990 அக்டோபரில் நடைமுறைக்கு வந்திருந்தது. அரசு இந்தப் படத்தை வரவேற்றது. ஆனாலும் அந்த முகம் அரசின் கைக்குள் அடங்கவில்லை. அனுமதி பெற்ற படத்துக்குள்ளேயே அடங்காத ஒன்றை வைக்க அவருக்குத் தெரியும். அதைத்தான் தேடுகிறேன்.

---

கடைசிப்பெட்டி எழுதியது:

இத்தனை நாளும் வாசித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். நான் பார்த்தது 'பெருஞ்சுவர்' (2016) ஒன்றுதான். மாட் டேமனும் பூதங்களும். அதைப் பார்த்தபின் வேறெதையும் தேடத் தோன்றவில்லை. பிந்தைய படங்களில் பார்க்கத்தக்கது ஏதாவது உண்டா?

---

நடுவரிசை எழுதியது:

கடைசிப்பெட்டி, வருக. 'பெருஞ்சுவ'ரை மறந்துவிடுங்கள். 'ஒரு நொடி'யில் தொடங்குங்கள். 2019 பெர்லின் விழாவின் போட்டியில் இருந்து, 'தொழில்நுட்பக் காரணம்' என்று கடைசி நேரத்தில் விலக்கப்பட்ட படம். 2020 நவம்பரில்தான் சீனாவில் வெளியானது.

கலாச்சாரப் புரட்சிக் காலம், பாலைவனம். உழைப்பு முகாமிலிருந்து ஒருவன் தப்பி வருகிறான். ஒரு செய்திப்படத்தில் அவன் மகள் ஒரு நொடி தெரிகிறாள் என்று கேள்விப்பட்டிருக்கிறான். அதைப் பார்க்க வேண்டும், அவ்வளவே அவன் தேவை. கொண்டுவரும் வழியில் படச்சுருள் பெட்டியிலிருந்து விழுந்து, வண்டியில் இழுபட்டு மண்ணும் புழுதியுமாகிவிடுகிறது. படம் ஓட்டுபவர் ஊரையே கூட்டுகிறார். பிலிமைக் கொடிபோலக் கட்டித் தொங்கவிட்டு, காய்ச்சி வடித்த நீரை ஊற்றி, மென்துணியால் துடைத்து, விசிறிகளால் காற்று வீசி உலர்த்துகிறார்கள். தறிக்கூடம் அவர்களே, 'ஜூ டோ'வின் தொங்கும் துணிகளுக்கு நேர்வாரிசு இந்தக் காட்சி. அவசியம் பாருங்கள். பதில் வாங்காமல் நகராத ஆளும் இங்கே திரும்பி வந்துவிடுகிறார். எழுபதை நெருங்கிய வயதில் ஜாங் இதை எடுத்தார் என்பதால்தான், அவரை முடிந்துபோனவர் என்று எழுதுபவர்களோடு நான் சேர்வதில்லை.

---

பழைய ரீல் எழுதியது:

'ஒரு நொடி'யோடு நிறுத்தினால் கணக்கு முழுமையாகாது, நடுவரிசை. 2023 வசந்தத் திருவிழாவுக்கு வந்த 'முழு நதியும் சிவப்பு' சுமார் 450 கோடி யுவான் வசூலித்தது. அதன் உச்சக்காட்சியில் தளபதி யுவே ஃபெய்யின் கவிதையை ஒரு படையே வரிவரியாகத் திருப்பிச் சொல்லி முழங்குகிறது. திரையரங்குகளில் மக்களும் சேர்ந்து சொன்னார்கள். ஒருவனின் பிடிவாதத்தில் தொடங்கும் கதை ஆயிரம் பேரின் ஒரே குரலில் முடிகிறது. 2008இன் தாளமும் அதில் கேட்கிறது. ஒரு நொடிக்காகப் பாலைவனம் கடந்தவனும் அந்த முழக்கமும் ஒருவருடைய படைப்புகள்தான், இரண்டுக்கும் நடுவில் மூன்று ஆண்டுகள்கூட இல்லை.

---

நடுவரிசை எழுதியது:

மறுக்கவில்லை, பழைய ரீல். அந்த முழக்கத்தில் எனக்கும் மயிர்க்கூச்செறிந்தது, அது உண்மை. ஆனால் எந்தப் படத்தை மறுபடி பார்ப்பேன் என்று கேட்டால் என் பதில் 'ஒரு நொடி'தான்.

கடைசிப்பெட்டி, அதைப் பார்த்தபின் 'சியூ ஜூவின் கதை', 'வாழ்தல்', 'ஜூ டோ' என்ற வரிசையில் போங்கள். 'ஹீரோ'வைப் பெரிய திரையில் பார்க்க வாய்ப்பு வரும்வரை தள்ளிவையுங்கள், கைப்பேசியில் பார்த்தால் அதன் பலம் தெரியாமலே பலவீனம் மட்டும் தெரியும். தியன் ஜுவாங்ஜுவாங்குக்குத் தனி இழை வேண்டும் என்று நினைக்கிறேன். வடக்குவாசல், நீங்கள் தொடங்குகிறீர்களா?